மறுத்து நின்ற மங்கை: டாக்டர் ருக்மாபாய்

உலக வரலாற்றில் வாளெடுத்து வென்றவர்கள் உண்டு. எழுதுகோல் எடுத்து வென்றவர்கள் உண்டு. முடியாது என்ற ஒரு சொல்லைச் சொல்லி, அதிலிருந்து இம்மியும் அசையாமல் நின்று வென்றவர்களும் உண்டு. அவ்வாறு நின்ற ஒரு பெண்மணியின் வாழ்க்கையை இவ்வாண்டு மலரில் என் தோழர்களுக்கும் தோழியர்க்கும் எடுத்துக் கூற விழைகின்றேன். அவர் பெயர் ருக்மாபாய்.

இந்திய வரலாற்று வகுப்பில் பத்தொன்பதாம் நூற்றாண்டுச் சமூகச் சீர்திருத்தங்களைப் பேராசிரியர் நடத்திக்கொண்டிருந்தபோது, 1891 ஆம் ஆண்டின் இசைவு வயதுச் சட்டம் என்று ஒரு வரி வந்தது. ஆண்டையும் பெயரையும் மனப்பாடம் செய்துகொண்டு தேர்வுக்குப் போய்விடுவது நம் வழக்கம். ஆனால் இசைவு என்னும் அச்சொல் என்னைப் பிடித்துக்கொண்டது. யாருடைய இசைவு? எதற்கு இசைவு? என்னோடு பள்ளியில் படித்த ஒருத்தி, பத்தாம் வகுப்புத் தேர்வு முடிந்த கோடை விடுமுறையிலேயே மணமாகிப் போனாள். மாப்பிள்ளையின் வேலையைக் கேட்டார்கள், நகையைக் கேட்டார்கள், நாளும் நட்சத்திரமும் கேட்டார்கள், தன்னை மட்டும் ஒருவரும் கேட்கவில்லை என்று பின்னொரு நாள் பேருந்து நிலையத்தில் என்னிடம் சொன்னாள். இசைவு என்ற சொல்லோடு அவள் முகமும் சேர்ந்தே என் நினைவுக்கு வந்தது. நூலகத்தில் தேடத் தொடங்கினேன். தேடிய இடத்தில் ருக்மாபாய் அம்மையாரைக் கண்டேன்.

பிறப்பும் வளர்ப்பும்

ருக்மாபாய் 1864 ஆம் ஆண்டு நவம்பர்த் திங்கள் 22 ஆம் நாள் பம்பாயில் பிறந்தார். தந்தை ஜனார்த்தன் பாண்டுரங், தாய் ஜெயந்திபாய். தச்சுத் தொழிலைக் குலத்தொழிலாகக் கொண்ட சுதார் வகுப்பைச் சேர்ந்தவர்கள். தாயின் கதையை அறிந்தால்தான் மகளின் துணிவு விளங்கும். ஜெயந்திபாய்க்கு மணமானபோது வயது 14. மகளைப் பெற்றபோது வயது 15. கணவரை இழந்தபோது வயது 17. நாம் கல்லூரியில் கால் வைக்கும் வயதிற்குள், மனைவி, தாய், கைம்பெண் என்னும் மூன்று நிலைகளையும் அவர் கண்டுவிட்டார்!

அவ்வகுப்பாரிடையே கைம்பெண் மறுமணத்திற்குத் தடை இல்லை. சில ஆண்டுகள் கழித்து, மனைவியை இழந்திருந்த டாக்டர் சகாராம் அர்ஜுன் என்பவரை ஜெயந்திபாய் மணந்தார். மணப்பதற்கு முன் முதற் கணவரின் சொத்தை மகள் பெயருக்கு மாற்றி எழுதினார். சகாராம் அர்ஜுன் பம்பாயில் பெயர் பெற்ற மருத்துவர். கிராண்ட் மருத்துவக் கல்லூரியில் தாவரவியல் கற்பித்தவர். 1883 ஆம் ஆண்டில் பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகத்தைத் தோற்றுவித்தவர்களுள் ஒருவர். பெற்ற மகளுக்கும் மேலாக ருக்மாபாயைப் பேணி வளர்த்தார். பிற்காலத்தில் நீதிமன்றத்தின் முன் ருக்மாபாய் தனியாக நிற்காமல் இருந்தார் என்றால், அதற்கு அடித்தளம் இவ்வீட்டில் இடப்பட்டது என்பதை நாம் மறத்தல் ஆகாது.

மணமும் மறுப்பும்

இத்துணைச் சீர்திருத்த எண்ணம் கொண்ட வீட்டிலும் ஊர் வழக்கம் வாசற்படியோடு நின்றுவிடவில்லை. ருக்மாபாய்க்கு 11 வயது நடந்தபோது திருமணம் செய்துவைத்தனர். மணமகன் தாதாஜி பிகாஜி, வயது 19, சகாராமுக்கு உறவினர். மாப்பிள்ளை பெண் வீட்டோடு தங்கிப் படித்து முன்னுக்கு வரவேண்டும் என்பது ஏற்பாடு. அவருக்கோ படிப்பில் நாட்டம் செல்லவில்லை. தாய்மாமன் வீட்டிற்குப் போய்த் தங்கிவிட்டார். நாளடைவில் கடனும் நோயும் அவரைச் சூழ்ந்தன.

திருமணமான சில திங்களில் ருக்மாபாய் பூப்பெய்தினார். உடனே சாந்தி முகூர்த்தம் வைத்துவிடுவது அக்கால வழக்கம். டாக்டர் சகாராம் அதற்கு உடன்படவில்லை. உடல் முதிராத சிறுமியைக் கணவனோடு அனுப்புவதனால் விளையும் கேட்டை மருத்துவராகிய அவர் நன்கு அறிவார். இதனால் ருக்மாபாய் தாய் வீட்டிலேயே இருந்தார்.

அந்த ஆண்டுகளை அவர் வீணாக்கவில்லை. பள்ளிக்குச் செல்ல இயலாத நிலையில், கிறித்தவச் சபையார் நடத்திய நூலகம் ஒன்றிலிருந்து நூல்களைப் பெற்று வீட்டிலிருந்தே கற்றார். ஆங்கிலமும் பயின்றார். தாயுடன் பிரார்த்தனை சமாஜம், ஆரிய மகிளா சமாஜம் ஆகியவற்றின் கூட்டங்களுக்குச் சென்றார். ஆண்டுகள் செல்லச் செல்ல ஒன்று அவருக்குத் தெளிவாயிற்று. 11 வயதில் பிறர் முடித்துவைத்த மணத்திற்குத் தாம் இசையவில்லை. இசையும் வயதும் அப்போது தமக்கு இல்லை. ஆகவே அக்கணவருடன் சென்று வாழ்வதில்லை என்று முடிவு செய்தார்.

நீதிமன்றத்தின் முன்

1884 ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் தாதாஜி வழக்கறிஞர் மூலம் கடிதம் அனுப்பினார். மனைவியைத் தம்மிடம் அனுப்ப வேண்டும் என்று கேட்டார். மறுப்பு வரவே, சேர்ந்து வாழும் உரிமையை மீட்டுத் தருமாறு பம்பாய் உயர் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தார். ருக்மாபாய்க்கு அப்போது வயது 19.

இவ்வகை வழக்கின் பிறப்பு வியப்புக்குரியது. இது நம் சாத்திரங்களில் தோன்றியதன்று. இங்கிலாந்தில் திருச்சபை மன்றங்களில் தோன்றி, ஆங்கில ஆட்சியோடு கப்பலேறி வந்தது. விலகி வாழும் கணவனையோ மனைவியையோ திரும்பிச் சென்று சேர்ந்து வாழுமாறு நீதிமன்றம் ஆணையிடும். ஆணையை மீறினால் சிறை. இங்கிலாந்திலேயே 1884 ஆம் ஆண்டுச் சட்டத்தால் இந்தச் சிறைத் தண்டனை நீக்கப்பட்டது. அதே ஆண்டில்தான் ருக்மாபாய் மீது வழக்கு வந்தது! பிறந்த வீட்டில் ஒழித்துக்கட்டிய கொடுமை, புகுந்த நாட்டில் உயிரோடு இருந்தது.

வழக்கு நடந்துகொண்டிருக்கையில், 1885 ஆம் ஆண்டில் டாக்டர் சகாராம் காலமானார். துணையாக நின்ற தூண் சாய்ந்தது. எனினும் ருக்மாபாய் சாயவில்லை. கணவருக்குக் காப்பாற்றும் வருவாய் இல்லை, உடல்நலம் இல்லை, அவர் தங்கியிருக்கும் வீடு தக்கதன்று என்னும் காரணங்கள் அவர் தரப்பில் எடுத்துரைக்கப்பட்டன. எல்லாவற்றிற்கும் அடியில் இருந்தது ஒரே காரணம்: அவருக்கு விருப்பம் இல்லை.

1885 ஆம் ஆண்டு செப்டம்பர் 21 ஆம் நாள் நீதிபதி பின்ஹி தீர்ப்பளித்தார். ஒருநாளும் சேர்ந்து வாழாதவர்களிடையே மீட்பதற்கு என்ன இருக்கிறது என்பது அவர் கருத்து. அறியாப் பருவத்தில் மணமுடிக்கப்பட்ட ஒரு பெண்ணை, அவள் விருப்பத்திற்கு மாறாக ஒருவர் கையில் ஒப்படைக்கச் சொல்வது கொடுமை என்று கருதி வழக்கைத் தள்ளிவிட்டார்.

மகிழ்ச்சி நீடிக்கவில்லை. தாதாஜி மேல்முறையீடு செய்தார். தலைமை நீதிபதி சார்ஜன்ட்டும் நீதிபதி பெய்லியும் 1886 ஆம் ஆண்டில் முதல் தீர்ப்பை நீக்கி, வழக்கைத் திரும்ப விசாரிக்க அனுப்பினர். 1887 ஆம் ஆண்டு மார்ச்சு 4 ஆம் நாள் நீதிபதி ஃபாரன் முன் அது வந்தது. திருமணம் செல்லுமா? செல்லும். அப்படியானால் கணவருக்கு உரிமை உண்டு. பெண்ணின் விருப்பமின்மை சட்டத்தின் கண்ணில் ஒரு காரணமே அன்று. ஒரு திங்களுக்குள் கணவர் வீட்டிற்குச் செல்ல வேண்டும். இல்லையேல் ஆறு திங்கள் சிறை என்பது நிலைமையாயிற்று.

இருபத்திரண்டு வயதுப் பெண் அப்போது செய்ததை எண்ணிப் பாருங்கள். அழவில்லை, ஓடவில்லை. தீர்ப்புக்குக் கீழ்ப்படிவதைக் காட்டிலும் சிறை செல்வதே மேல் என்று அறிவித்துவிட்டார். விருப்பமில்லாத ஓர் இல்லறத்தைவிடச் சிறைக்கூடம் மேலானது என்று ஒரு பெண் வெளிப்படையாகச் சொன்னதைக் கேட்டு நாடே திகைத்தது.

ஊர் இரண்டுபட்டது

ருக்மாபாய் வெறும் வழக்காளியாக மட்டும் இருக்கவில்லை. 1885 ஆம் ஆண்டிலேயே, ஓர் இந்துப் பெண்மணி என்று மட்டும் கையொப்பமிட்டு, டைம்ஸ் ஆஃப் இந்தியா நாளிதழுக்குக் கடிதங்கள் எழுதினார். குழந்தை மணமும் கட்டாயக் கைம்மையும் பெண்ணின் கல்வியை, உடலை, உள்ளத்தை எவ்வாறு அழிக்கின்றன என்று விளக்கினார். எழுதியவர் யார் என்று தெரிந்தபோது பரபரப்பு மிகுந்தது.

எதிர்ப்பு கடுமையாக இருந்தது. பாலகங்காதர திலகர் தம் கேசரி இதழில் அவரைச் சாடினார். ஆங்கிலக் கல்வி ஒரு குலப்பெண்ணைக் கெடுத்துவிட்டது என்றும், இவரை விட்டால் இந்து இல்லறமே குலைந்துவிடும் என்றும் வாதித்தனர். அந்நிய ஆட்சி நம் சமயத்திலும் குடும்பத்திலும் கை வைக்கலாமா என்ற கேள்வியும் எழுந்தது. அடிமைப்பட்ட நாட்டில் அக்கேள்வியை முற்றாகத் தள்ளிவிட முடியாதுதான். ஆனால் நாட்டின் தன்மானத்தைக் காக்கும் சுமை முழுவதையும் ஒரு பெண்ணின் உடல் மீது ஏற்றுவது எவ்வகை நீதி? இக்கேள்விக்கு அவர்கள் விடை கூறவில்லை.

ஆதரவும் இருந்தது. குழந்தை மணத்தை எதிர்த்து 1884 ஆம் ஆண்டு முதல் போராடி வந்த பார்சி இதழாளர் பெக்ராம்ஜி மலபாரி, எல்பின்ஸ்டன் கல்லூரி முதல்வர் வேர்ட்ஸ்வர்த், காமா மருத்துவமனையின் ஆங்கிலப் பெண் மருத்துவர் எடித் பீச்சி ஆகியோர் துணை நின்றனர். அவருக்காக ஒரு பாதுகாப்புக் குழு அமைந்தது. காசிநாத் திரிம்பக் தெலங் அவர் தரப்பில் வழக்காடினார்.

முடிவில் 1888 ஆம் ஆண்டு சூலையில் உடன்பாடு ஏற்பட்டது. 2,000 ரூபாய் பெற்றுக்கொண்டு, தீர்ப்பை நிறைவேற்றுமாறு கேட்பதில்லை என்று தாதாஜி ஒப்புக்கொண்டார். ருக்மாபாய் சிறை செல்லவில்லை. ஆனால் சட்டம் அவருக்கு விடுதலை தரவில்லை; விலை கொடுத்தே விடுதலை வாங்க நேர்ந்தது. அவர் கையில் சொத்து இருந்தது, பின்னால் ஆட்கள் இருந்தனர். இரண்டும் இல்லாத பெண்ணின் கதி என்ன? அதற்கு விடை இரண்டே ஆண்டுகளில் கல்கத்தாவிலிருந்து வந்தது.

புல்மணி என்னும் சிறுமி

1890 ஆம் ஆண்டு. கல்கத்தாவில் புல்மணி தாசி என்னும் சிறுமி, தன்னைவிடப் பல மடங்கு மூத்த கணவனின் வன்செயலால் குருதி பெருகி இறந்தாள். அவள் பத்து வயதைச் சற்றே கடந்தவள். அவ்வீட்டுப் பெண்கள் நீதிமன்றத்தில் வந்து நடந்ததைச் சொன்னார்கள். ஆயினும் கணவன் மீது பலாத்காரக் குற்றம் சாட்ட முடியவில்லை. ஏன் தெரியுமா? 1860 ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டம் மனைவிக்கு வகுத்த வயது எல்லை 10. அதைக் கடந்துவிட்ட மனைவி மறுக்க முடியும் என்ற எண்ணமே சட்டத்தில் இல்லை. அசட்டையால் கொடுங்காயம் விளைவித்தான் என்ற அளவில் ஓராண்டுக் கடுங்காவல் கிடைத்தது. ஒரு குழந்தையின் உயிருக்கு ஓராண்டு!

ஐம்பதுக்கும் மேற்பட்ட பெண் மருத்துவர்கள் ஒன்றுகூடி அரசுக்கு விண்ணப்பம் அனுப்பினர். இத்தகைய மணங்களால் ஊனமுற்ற, உயிரிழந்த சிறுமியரைத் தம் கண்ணால் கண்ட செய்திகளை அதில் தொகுத்து எழுதினர். மேடையில் வாதம் செய்தவர்கள் சாத்திரம் பேசிக்கொண்டிருந்தபோது, இம்மருத்துவர்கள் காயத்தைப் பேசவைத்தனர். ருக்மாபாயும் அப்போது லண்டனில் இருந்தபடியே குழந்தை மணத்தை எதிர்த்துக் கட்டுரை எழுதினார்.

1891 ஆம் ஆண்டு மார்ச்சு 19 ஆம் நாள் இசைவு வயதுச் சட்டம் நிறைவேறியது. 10 என்பது 12 ஆயிற்று. மணமானவளாயினும் 12 வயதுக்குட்பட்டவளிடம் உடலுறவு கொள்வது குற்றம் ஆயிற்று. ருக்மாபாயின் வழக்கு மூட்டிய நெருப்பும் புல்மணியின் சாவும் சேர்ந்து பிறப்பித்த சட்டம் இது. வகுப்பில் நான் ஒரு வரியாகக் குறித்துக்கொண்ட சட்டத்தின் பின்னால் ஒரு சிறுமியின் பிணம் கிடந்தது என்பதைப் படித்த அன்று, என்னால் அடுத்த பக்கம் செல்ல இயலவில்லை.

மருத்துவப் பணி

எடித் பீச்சி முதலியோரின் ஊக்கத்தால் ருக்மாபாய் 1889 ஆம் ஆண்டில் இங்கிலாந்து சென்று, லண்டன் மகளிர் மருத்துவப் பள்ளியில் சேர்ந்தார். 1894 ஆம் ஆண்டில் தேர்ச்சி பெற்றார். பிரசல்சில் எம்.டி. பட்டமும் பெற்றார். இந்தியாவில் மருத்துவத் தொழில் புரிந்த முதற் பெண்மணிகளுள் ஒருவர் என்னும் சிறப்பு அவருக்கு உண்டு.

1895 ஆம் ஆண்டில் தாயகம் திரும்பிச் சூரத் நகரின் மகளிர் மருத்துவமனையில் தலைமைப் பொறுப்பை ஏற்றார். பின்னர் ராஜ்கோட்டிலும் மகளிர் மருத்துவமனையில் பணியாற்றினார். ஏறத்தாழ முப்பத்தைந்து ஆண்டுகள் இப்பணி தொடர்ந்தது. ஆண் மருத்துவரிடம் உடலைக் காட்ட நாணிச் சாவை ஏற்றுக்கொண்ட பெண்கள் நிறைந்த காலம் அது. கணவனால் காயம்பட்ட சிறுமி, பிள்ளைப்பேற்றில் துடிக்கும் பதின்மூன்று வயதுத் தாய் போன்றோர் அச்சமின்றி வருவதற்கு அன்று ஒரு பெண் மருத்துவரின் அறையே புகலிடம். நீதிமன்றத்தில் தமக்காக வாதாடியவர், மருத்துவமனையில் பிறருக்காக வாழ்ந்தார் எனலாம். ஓய்வு பெற்ற காலத்தும் ஓயவில்லை; பர்தா முறையை ஒழிக்க வேண்டும் என்று 1929 ஆம் ஆண்டில் ஒரு சிறு நூல் எழுதி வெளியிட்டார்.

ஒரு செய்தி என்னைச் சிந்திக்க வைத்தது. 1904 ஆம் ஆண்டில் தாதாஜி இறந்தபோது அம்மையார் கைம்பெண்ணுக்குரிய வெள்ளைப் புடைவை உடுத்தினார். எந்த மணத்தை ஏற்க மறுத்துச் சிறைக்குச் செல்லவும் துணிந்தாரோ, அம்மணத்தின் முடிவிற்கு ஏன் வெள்ளை உடுத்தினார்? முதலில் எனக்கு இது முரணாகப் பட்டது. பின்னர் வேறு விதமாக எண்ணினேன். வழக்கத்தின் பிடியிலிருந்து ஒருவர் முழுவதும் விடுபட்ட பின்னரே போராட வேண்டும் என்பதில்லை. பாதி விடுபட்டவர்களே பெரும்பாலும் போராடுகிறார்கள். மேலும், அவர் எதை உடுத்துவது என்பதும் அவர் விருப்பம்தானே! அவர் கேட்டதெல்லாம் அந்த விருப்பத்தைத்தான்.

1955 ஆம் ஆண்டு செப்டம்பர் 25 ஆம் நாள், தம் 90 ஆம் வயதில் ருக்மாபாய் அம்மையார் மறைந்தார்.

சட்டம் நடந்த தொலைவு

அம்மையார் தொடங்கி வைத்த வழக்கு ஒரு வகையில் இன்னும் முடியவில்லை. வயது எல்லை படிப்படியாக உயர்ந்தது. 1925 ஆம் ஆண்டில் மனைவிக்கு 13, பிறருக்கு 14 ஆயிற்று. 1928 ஆம் ஆண்டில் அமைந்த ஜோஷி குழு, இப்படி ஒரு சட்டம் இருப்பதே மக்களில் பெரும்பாலோர்க்குத் தெரியவில்லை என்று கண்டது. நம் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி சென்னைச் சட்டமன்றத்தில் பெண்ணின் மணவயதை உயர்த்தக் குரல் எழுப்பியதும் இக்காலத்தில்தான். 1929 ஆம் ஆண்டின் சாரதா சட்டம் பெண்ணின் மணவயதை 14 ஆக்கியது. 1949 ஆம் ஆண்டில் இசைவு வயது மனைவிக்கு 15, பிறருக்கு 16 ஆயிற்று. 1978 ஆம் ஆண்டில் பெண்ணின் மணவயது 18 ஆயிற்று. 2012 ஆம் ஆண்டின் போக்சோ சட்டம் 18 வயதுக்குட்பட்ட அனைவரையும் குழந்தைகள் என்று கொண்டு காத்தது. மனைவிக்கு மட்டும் 15 என்றிருந்த விலக்கை உச்ச நீதிமன்றம் 2017 ஆம் ஆண்டில் 18 ஆக்கியது. 10 என்பது 18 ஆக நூற்றைம்பது ஆண்டுகளுக்கு மேல் ஆயின.

ஆனால் வயது வேறு, இசைவு வேறு. ருக்மாபாய் வழக்கு மன்றத்துக்கு வந்தபோது சிறுமி அல்லர்; வளர்ந்த பெண். அவர் கேட்டது, என் விருப்பத்திற்கு மதிப்பு உண்டா என்பதே. அக்கேள்விக்குச் சட்டம் தயங்கித் தயங்கித்தான் விடை தந்தது. மறுக்கும் மனைவியைச் சிறையிடும் முறை 1923 ஆம் ஆண்டில் நீங்கிற்று. எனினும் சேர்ந்து வாழக் கோரும் வழக்கு மட்டும், அம்மையார் மறைந்த அதே 1955 ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட இந்துத் திருமணச் சட்டத்தின் 9 ஆம் பிரிவில் இடம் பெற்றது. 1983 ஆம் ஆண்டில் ஆந்திர உயர் நீதிமன்றம் அப்பிரிவு செல்லாது என்றது. 1984 ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் செல்லும் என்றது. இங்கிலாந்தோ 1970 ஆம் ஆண்டுச் சட்டத்தால் அவ்வழக்கையே ஒழித்துவிட்டது.

1972 ஆம் ஆண்டில் மராட்டிய மாநிலத்தில் ஒரு பழங்குடிச் சிறுமி காவல் நிலையத்திலேயே கெடுக்கப்பட்டாள். உடலில் காயம் இல்லை, ஆகவே அவள் இசைந்தாள் என்று கொண்டு 1978 ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் காவலர்களை விடுவித்தது. அச்சத்தால் அடங்குவது வேறு, மனம் இசைவது வேறு என்று சட்டப் பேராசிரியர்கள் நால்வர் 1979 ஆம் ஆண்டில் திறந்த மடல் எழுதினர். பெண்கள் வீதிக்கு வந்தனர். அதன் பயனாக 1983 ஆம் ஆண்டில் சட்டம் திருந்தியது. 2013 ஆம் ஆண்டின் திருத்தமோ இன்னும் ஒரு படி மேலே சென்றது. இசைவு என்பது ஐயத்திற்கு இடமின்றித் தானாக முன்வந்து அளிக்கும் ஒப்புதல். எதிர்த்துப் போராடவில்லை என்பதாலேயே இசைந்ததாகக் கொள்ளக் கூடாது என்று அது வரையறுத்தது. ருக்மாபாய் கேட்ட கேள்விக்கு ஏறத்தாழ முழு விடை இதுவே. ஏறத்தாழ என்று நான் கூறுவதற்குக் காரணம் உண்டு. 2023 ஆம் ஆண்டில் இயற்றப்பட்டு 2024 ஆம் ஆண்டு சூலை முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவும், 18 வயது நிறைந்த மனைவியிடம் கணவன் நடந்துகொள்வதை அவ்வரையறைக்கு வெளியே நிறுத்தியே இயற்றப்பட்டது.

அம்மையார் நமக்கு விட்டுச் சென்றது

ருக்மாபாயையும் புல்மணியையும் அருகருகே வைத்துப் பார்க்கிறேன். இருவர்க்கும் குழந்தை மணம். இருவர்க்கும் சட்டத்தின் துணை இல்லை. ஒருவர் 90 வயது வரை வாழ்ந்தார். மற்றவள் பள்ளிச் சிறுமியின் வயதில் மடிந்தாள். வேறுபாடு துணிவில் மட்டும் இல்லை. முடியாது என்று ருக்மாபாய் சொன்னபோது அதைக் கேட்டு நம்புவதற்கு ஒரு தாய் இருந்தார், ஒரு வளர்ப்புத் தந்தை இருந்தார், நண்பர்கள் இருந்தனர். புல்மணியின் குரலைக் கேட்க அந்த இரவில் எவரும் இல்லை. சட்டம் தரும் உரிமைக்கு உயிர் கொடுப்பது, அருகில் நிற்கும் மனிதர்தாம்.

அத்துணையைச் சட்டமும் இன்று ஓரளவு வகுத்துள்ளது. பாலியல் வன்கொடுமைக்கு ஆளானவருக்கு அரசு மருத்துவமனையாயினும் தனியார் மருத்துவமனையாயினும் உடனடியாக இலவச மருத்துவம் தர வேண்டும். மறுத்தால் அது குற்றம். எந்தக் காவல் நிலையத்திலும் புகார் கொடுக்கலாம். எங்கள் எல்லை இல்லை என்று திருப்பி அனுப்பக் கூடாது. வாக்குமூலத்தைப் பெண் அதிகாரியே பதிவு செய்ய வேண்டும். பெயரை வெளியிடக் கூடாது. கன்னிமையைச் சோதிப்பதாகச் சொல்லிச் செய்யப்பட்ட இழிவான இருவிரல் சோதனை கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2013 ஆம் ஆண்டிலும் 2022 ஆம் ஆண்டிலும் கண்டித்துள்ளது. மருத்துவம், சட்ட உதவி, தங்குமிடம், மனநல ஆறுதல் ஆகியவற்றை ஒரே கூரையின் கீழ்த் தரும் ஒருங்கிணைந்த சேவை மையங்கள் உள்ளன. பெண்களுக்கு 181, குழந்தைகளுக்கு 1098 என்னும் தொலைபேசி எண்கள் உள்ளன. கல்லூரிகளில் உள்ளகப் புகார்க் குழு இருக்க வேண்டும் என்பதும் சட்டமே. நம்மில் எத்தனை பேருக்கு இவை தெரியும்? ஜோஷி குழு அன்று கண்ட குறை இன்றும் நம்மிடம் இருக்கலாகாது.

சொல்லிலும் நாம் திருந்த வேண்டும். நெடுங்காலம் நம் இதழ்கள் இக்கொடுமையைக் கற்பழிப்பு என்றே எழுதி வந்தன. அச்சொல்லில் குற்றவாளி காணப்படுவதில்லை. எதையோ இழந்தவளாகப் பெண் மட்டுமே நிற்கிறாள். இழிவு செய்தவனுக்கே உரியது, பாதிக்கப்பட்டவருக்கு அன்று. நம்மிடம் வந்து ஒருவர் தம் துன்பத்தைச் சொன்னால், ஏன் அங்கே போனாய், ஏன் அப்போதே சொல்லவில்லை என்று நீதிபதி ஆசனத்தில் ஏறி அமர்தல் வேண்டா. நம்புகிறேன், உன்னோடு வருகிறேன் என்ற இரு சொற்கள் போதும். அன்று அம்மையாரின் பக்கம் நின்றவர்கள் செய்ததும் அதுவே.

மாணவத் தோழர்களே! இது பெண்களுக்கு மட்டும் உரிய பாடம் அன்று. மறுப்பைச் சொல்லும் துணிவு ஒருவருக்கு வேண்டும். மறுப்பை ஏற்கும் பண்பு மற்றவருக்கு வேண்டும். காதலிலும் நட்பிலும் நாளை அமையப்போகும் இல்லறத்திலும், எதிரில் இருப்பவரின் விருப்பத்தைக் கேட்பது ஆண்மைக்குக் குறைவு அன்று. அதுவே மனிதத் தன்மை.

பேருந்து நிலையத்தில் கண்ட என் பள்ளித் தோழியை நினைக்கிறேன். அன்று அவள் சொன்னதைக் கேட்டு நான் வாய்மூடி நின்றேன். பேருந்து வந்ததும் ஏறிவிட்டேன். ருக்மாபாயின் வாழ்க்கையைப் படித்த பின் அவள் இருக்கும் ஊரை விசாரித்துப் போய்ப் பார்த்தேன். கையில் குழந்தையோடு வாசலில் நின்றிருந்தாள். படிப்பைத் தொடர விருப்பமா என்று கேட்டேன். சற்று நேரம் என்னையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, தனக்கு என்ன விருப்பம் என்று கேட்ட முதல் ஆள் நான்தான் என்றாள். தொலைநிலைக் கல்வி விண்ணப்பம் ஒன்றை அடுத்த வாரம் கொண்டுபோய்க் கொடுத்தேன். அம்மையாருக்கு நான் செலுத்திய அஞ்சலி அதுவே.